வர்க்கமும் பிறப்பும்: வடகொரியாவிற் பரம்பரைத் தலைமையின் வரலாற்றடிப்படை

1

வடகொரியாவில் 1970 ஆம் ஆண்டு வெளியிடப்பட்ட அரசியற் சொல்லகராதி, பரம்பரை வாரிசுரிமையைச் சுரண்டற் சமூகங்களுக்குரிய பிற்போக்கு வழக்கம் என விளக்கியிருந்தது. அடுத்து வந்த பதிப்பில் அவ்விளக்கம் இடம்பெறவில்லை. 1974 பெப்ரவரியில் கிம் இல் சுங்கின் மூத்த மகனான கிம் ஜொங் இல் கட்சியின் உள்வட்டத்தில் வாரிசாகத் தெரிவு செய்யப்பட்டார். 1980 ஒக்டோபரில் கூடிய ஆறாவது கட்சி மாநாட்டில் அத்தெரிவு உலகறிய வெளியிடப்பட்டது. 1994 இல் தந்தை இறந்ததும் மகனும், 2011 இல் மகன் இறந்ததும் பேரனான கிம் ஜொங் உன்னும் ஆட்சித் தலைமையை ஏற்றனர். தன்னைத் தொழிலாளர் கட்சி என அழைத்துக்கொள்ளும் ஒரு கட்சியின் ஆட்சியில், தலைமை தந்தையிடமிருந்து மகனுக்குச் செல்லும் முதுசமாக மாறியது எவ்வாறு என்பதே நாம் ஈண்டு எழுப்பும் வினாவாகும்.

இவ்வினாவிற்கு வழக்கமாகத் தரப்படும் விடைகள் இரண்டு. முதலாவது, கொரியச் சமூகத்தின் கொன்பூசிய மரபே இதற்குக் காரணம் என்பது. தந்தைக்குப் பணிதல், மூத்த மகனுக்கு முதன்மை வழங்கல் ஆகிய பண்புகள் அச்சமூகத்தில் ஆழ வேரூன்றியிருந்தமை உண்மையே. ஆயின், அதே மரபு சீனத்திலும் வியட்நாமிலும் வலுவாக இருந்தது. மாஓ வழிபாடு எத்துணை உச்சத்தை எட்டியபோதும் சீனத்தில் ஆட்சி மகனுக்குச் செல்லவில்லை. ஹோ சி மின்னுக்குப் பின் வியட்நாமிற் கூட்டுத் தலைமையே நிலவியது. இரண்டாவது விடை முற்போக்காளரிடையே செல்வாக்குப் பெற்றது: ஏகாதிபத்திய முற்றுகைக்குள் வாழும் நாடு வேறு வழியின்றி ஒரு குடும்பத்தின் பின் அணிதிரண்டது என்பது அதன் சாரம். முற்றுகை பொய்யன்று. ஆனால் நெடுங்காலம் குண்டுவீச்சுக்கு ஆளான வியட்நாமில் முற்றுகை ஒரு வம்சத்தைத் தோற்றுவிக்கவில்லை. எனவே மரபும் முற்றுகையும் துணைக் காரணிகளாகலாமேயன்றி முதற் காரணிகளாகா. முதற் காரணியை அந்நாட்டின் புரட்சிக்குப் பின்னைய வரலாற்றினுள்ளேயே தேட வேண்டும் என்பது நமது நிலைப்பாடு.

2

1910 முதல் 1945 வரை கொரியா யப்பானியக் குடியேற்ற ஆட்சிக்குட்பட்டிருந்தது. நிலத்தின் கணிசமான பகுதி நிலக்கிழாரிடமும் யப்பானியரிடமும் குவிந்திருக்க, குத்தகை விவசாயி விளைச்சலிற் பாதியையோ அதற்கு மேலையோ வாரமாகச் செலுத்தி வந்தான். இச்சூழலிலேயே 1925 இற் கொரியப் பாட்டாளிக் கலைஞர் கூட்டமைப்புத் தோன்றியது. பொலிசாரின் நெருக்குதலால் 1935 இல் அது கலைந்தபோதும், அதிற் பயின்ற எழுத்தாளர் பலர் விடுதலைக்குப் பின் வடபகுதியின் இலக்கியத்தை உருவாக்கினர். நாவலாசிரியர் ரி கி யொங், கதாசிரியர் ஹன் சோர்யா, கவிஞரும் திறனாய்வாளருமான இம் ஹ்வா ஆகிய மூவரும் அவருட் குறிப்பிடத்தக்கோர். அம்மூவரின் பிற்கால விதியே நாம் ஆராயும் வரலாற்றின் ஒரு சுருக்கம் என்பது பின்னர்ப் புலனாகும்.

1945 ஓகஸ்டில் சோவியத் படைகள் வடபகுதிக்குள் நுழைந்தன. 1946 மார்ச்சில் நிறைவேற்றப்பட்ட நிலச் சீர்திருத்தச் சட்டம் யப்பானியருக்குச் சொந்தமான நிலங்களையும், 5 சொங்போவுக்கு (ஏறத்தாழ 5 ஹெக்டேயர்) மேற்பட்ட நிலக்கிழார் நிலங்களையும் இழப்பீடின்றிப் பறிமுதல் செய்தது. ஒரு மாதத்துக்குள் 7 இலட்சத்துக்கு மேற்பட்ட விவசாயக் குடும்பங்கள் நிலம் பெற்றன. அதே ஆண்டு யூலையில் ஆண் பெண் சமத்துவச் சட்டமும், ஓகஸ்டிற் பெருங் கைத்தொழில்களை நாட்டுடைமையாக்கும் சட்டமும் வந்தன. ரி கி யொங்கின் ‘நிலம்’ என்னும் நாவல் (1948–49) இம்மாற்றத்தைப் பொருளாகக் கொண்டது. நிலமற்றவன் நிலம் பெறுகையில் அவனது நடையும் பேச்சும் நிமிர்வதைக் காட்ட முற்பட்ட இலக்கியத்திற்கு உண்மையான சமூக அடித்தளம் ஒன்று இருந்தது. இதனை மறுப்போர் அவ்வரசின் தொடக்ககால மக்களாதரவை ஒருபோதும் விளங்கிக்கொள்ள இயலாது.

கிம் இல் சுங்கும் வெறுங் கற்பனை நாயகன் அல்லர். 1930களில் மஞ்சூரியாவிற் சீனப் பொதுவுடைமைக் கட்சியின் தலைமையிலான கெரில்லாப் படையில் நின்று யப்பானியரை எதிர்த்தவர். 1937 யூனில் எல்லையோரத்துப் பொச்சொன்போ என்னும் சிற்றூர்மீது நடத்திய தாக்குதல் அவருக்குப் பெயரீட்டிக் கொடுத்தது. பின்னர் சோவியத் எல்லைக்குட் பின்வாங்கி, கபரோவ்ஸ்க் நகரின் அருகே 88 ஆவது படைப்பிரிவில் இருந்தார். ஆனால் 1945 இல் நாடு திரும்பியபோது அவர் பல தலைவருள் ஒருவரே. உள்நாட்டிலே தலைமறைவாக இயங்கிய பக் ஹொன் யொங் முதலானோர், சீனத்தின் யெனானிலிருந்து வந்தோர், சோவியத் நாட்டிற் பிறந்து வளர்ந்த கொரியர் என வேறு மூன்று அணிகளும் இருந்தன. பரம்பரைத் தலைமைக்கான முதல் நிபந்தனை இவ்வணிகள் மறைவதாகும்.

3

1950 முதல் 1953 வரை நடந்த போர் நாட்டைச் சாம்பராக்கியது. ஐக்கிய அமெரிக்கா ஏறத்தாழ 635,000 தொன் குண்டுகளைக் கொரியாவில் வீசியது. இவற்றுள் 32,557 தொன் நேபாம் எரிகுண்டுகள். பியொங்யாங் நகரிற் கட்டடங்கள் மிகச் சிலவே எஞ்சின. இக்கொடுமையை நினைவிற் கொள்ளாது அந்நாட்டைப் பற்றி எழுதுவது நேர்மையாகாது. எனினும் அழிவின் நடுவே வேறொன்றும் நிகழ்ந்தது. போரின் தோல்விகளுக்கான பொறுப்பு உள்நாட்டு அணியின்மேற் சுமத்தப்பட்டது. 1953 இல் நடந்த விசாரணையில் அமெரிக்க ஒற்றர் எனக் குற்றஞ்சாட்டப்பட்டு இம் ஹ்வா மரணதண்டனை பெற்றார். பக் ஹொன் யொங்குக்கு 1955 டிசம்பரில் அதே தண்டனை விதிக்கப்பட்டது.

‘ஜூச்சே’ என்ற சொல் முதன்முதலாக முக்கியத்துவம் பெற்ற களமும் இலக்கியத்தோடு தொடர்புடையது. 1955 டிசம்பர் 28 ஆம் நாள் பிரசார ஊழியர்முன் கிம் இல் சுங் ஆற்றிய உரை, சோவியத் மாதிரிகளை அப்படியே பின்பற்றுவதையும் கொரியாவின் சொந்த வரலாற்றையும் இலக்கிய மரபையும் புறக்கணிப்பதையும் சாடியது. குடியேற்ற ஆட்சியிலிருந்து மீண்ட நாடொன்றில் இக்கோரிக்கை நியாயமானதே. ஆயின் அதன் உடனடி இலக்கு, சோவியத் அணியைச் சேர்ந்த பக் சங் ஒக் முதலானோராவர். தேசியத் தற்சார்பு பற்றிய கோட்பாடு, பிறந்தபோதே உட்கட்சிப் போட்டியின் கருவியாகவும் அமைந்தது.

1956 ஓகஸ்ட் இறுதியிற் கூடிய மத்திய குழுவில் யெனான் அணியினரும் சோவியத் அணியினரும் தனிநபர் வழிபாட்டை வெளிப்படையாக விமர்சித்தனர். சோவியத் கட்சியின் இருபதாவது மாநாடு முடிந்து ஆறு மாதங்களே கடந்திருந்தன. விமர்சித்தோர் பதவி நீக்கப்பட்டனர். சிலர் சீனத்துக்குத் தப்பினர். மிக்கோயனும் பெங் தெகுவாயும் செப்டெம்பரில் நேரில் வந்து வலியுறுத்தியதால் அம்முடிவு கைவிடப்பட்டதாயினும், அடுத்த சில ஆண்டுகளில் அவ்விரு அணிகளும் முற்றாகத் துடைக்கப்பட்டன. தலைவரை அவர்தம் தோழர் கட்சிக் கூட்டமொன்றில் முகத்துக்கு நேரே விமர்சித்த கடைசிச் சந்தர்ப்பம் அதுவாகும். வம்ச ஆட்சிக்கான வாயில் 1974 இல் திறந்ததாகப் பலர் கருதுவர். அது 1956 இலேயே திறந்துவிட்டது என்பது நமது கருத்து.

4

இக்காலத்திலேயே அடித்தட்டில் நிகழ்ந்த மற்றொரு மாற்றம் இன்னும் ஆழமானது. 1958 அளவிற் கமத்தொழில் முற்றாகக் கூட்டுடைமையாயிற்று. நிலக்கிழாரோ, வணிகரோ, தனியுடைமை விவசாயியோ பொருளாதார அர்த்தத்தில் இல்லாதொழிந்தனர். மார்க்சிய நோக்கில், உற்பத்திச் சாதனங்களோடு ஒருவர் கொண்டுள்ள உறவே அவரது வர்க்கத்தைத் தீர்மானிப்பது. அவ்வுறவு மாறியதும் பழைய வர்க்கப் பெயர்களும் மறைந்திருக்க வேண்டும். நடந்ததோ இதற்கு நேர்மாறு. 1958 இலிருந்து குடிமக்களின் குடும்பப் பின்னணி ஆராயப்பட்டது. 1960களின் இறுதியில் மக்கள் அனைவரும் மையப் பிரிவினர், ஊசலாடும் பிரிவினர், பகைப் பிரிவினர் என மூன்றாகவும், அவற்றினுள் 51 உட்பிரிவுகளாகவும் பதியப்பட்டனர். ‘சோங்புன்’ எனப்படும் இத்தகுதி, 1945 இல் ஒருவரது பாட்டன் என்ன தொழில் செய்தான், போர்க்காலத்தில் எப்பக்கம் நின்றான் என்பவற்றால் தீர்மானிக்கப்பட்டுத் தந்தை வழியே பிள்ளைகளுக்கு இறங்கியது. பல்கலைக்கழக அனுமதி, தொழில், கட்சி உறுப்புரிமை, தலைநகரில் வாழும் உரிமை, திருமணத் தொடர்பு ஆகிய யாவும் இதனைச் சார்ந்தன. அரசியற் குற்றத்திற்காக ஒருவர் தண்டிக்கப்படின் அவரது குடும்பமும் முகாமுக்கு அனுப்பப்பட்டது. 2014 இல் வெளியான ஐக்கிய நாடுகள் விசாரணைக் குழுவின் அறிக்கை, அரசியற் சிறைமுகாம்களில் 80,000 முதல் 120,000 பேர் வரை இருந்ததாக மதிப்பிட்டது.

சாதியமைப்பை நன்கறிந்த தமிழ் வாசகருக்கு இது புதுமையாகத் தோன்றாது. ஆயினும் வேறுபாடொன்றை மனங்கொள்ளல் வேண்டும். சாதி, பழைய உற்பத்தி உறவுகளிலிருந்து வளர்ந்து சமயத்தால் நியாயப்படுத்தப்பட்டது. சோங்புன், பழைய உற்பத்தி உறவுகள் ஒழிந்த பின்னர் நவீன அரசொன்றின் பதிவேடுகளால் உருவாக்கப்பட்டு, வர்க்கப் போராட்டத்தின் மொழியால் நியாயப்படுத்தப்பட்டது. வர்க்கம் என்ற சொல் எஞ்சியது. அதன் பொருள் பிறப்பு என்றாயிற்று.

நமது ஆய்வின் மையம் இதுவே. சமூகத்தின் அடியிற் குற்றம் பிறப்பால் வருமெனின், அதன் உச்சியிற் புரட்சித் தகுதியும் பிறப்பால் வருதல் இயல்பாகிவிடும். பாட்டன் நிலக்கிழானாயிருந்ததாற் பேரன் பகைவன். பாட்டன் கெரில்லாத் தலைவனாயிருந்ததாற் பேரன் தலைவன். பரம்பரைத் தலைமை அவ்வமைப்பின்மேல் வெளியிலிருந்து ஏற்றப்பட்ட விகாரமன்று. அவ்வமைப்பின் தருக்கரீதியான நிறைவு ஆகும்.

5

இந்நிறைவை மக்கள் மனத்தில் நிலைநாட்டிய பணி கலை இலக்கியத்தினுடையது. ஹன் சோர்யா 1946 இலேயே கிம் இல் சுங்கின் கெரில்லா வாழ்வைக் கதையாக்கியவர். எழுத்தாளர் அமைப்பின் தலைமையில் இருந்தவர். அவரும் 1962 இற் பதவியிழந்து மறைந்தார். தலைவரைப் புகழ்வது ஒருவருக்குப் பாதுகாப்பளிக்கவில்லை. மூவருள் ரி கி யொங் மட்டுமே 1984 இல் இறக்கும்வரை மதிப்புடன் வாழ்ந்தார்.

1967 இற் கப்சான் அணி எனப்பட்ட பக் கும் சொல் முதலானோர் நீக்கப்பட்டனர். அவர்மீதான குற்றச்சாட்டுகளுள் ஒன்று, சொங் யக் யொங் (1762–1836) என்னும் பழைய அறிஞர் அதிகாரிகளின் கடமை பற்றி எழுதிய நூலைக் கட்சி ஊழியர் படிக்குமாறு தூண்டினர் என்பது. சொந்த மரபைப் போற்றுமாறு 1955 இல் உரைத்த அதே தலைமை, பன்னிரண்டு ஆண்டுகளில் அம்மரபின் நூலொன்றைப் பரப்பியதைக் குற்றமாக்கியது. இனிப் போற்றத்தக்க மரபு தலைவரின் மரபு ஒன்றே. ‘ஏக சிந்தனை அமைப்பு’ அவ்வாண்டு நிறுவப்பட்டது. கிம் இல் சுங்கின் பிறந்த நாளைப் பெயராகக் கொண்ட ஏப்ரல் 15 இலக்கிய ஆக்கக் குழுவும் அவ்வாண்டே தோன்றி, தலைவரின் வாழ்வை ‘அழியா வரலாறு’ என்ற நாவல் தொடராக எழுதத் தொடங்கிற்று. 1866 இல் ‘ஜெனரல் சேர்மன்’ என்னும் அமெரிக்கக் கப்பலைத் தாக்கியோருக்குத் தலைமை தாங்கியவர் கிம் இல் சுங்கின் பூட்டனே என அரச வரலாற்று நூல்கள் உரைக்கலாயின. வருங்கால வாரிசுக்கு முன்னர், கடந்தகால முன்னோர் உருவாக்கப்பட்டனர்.

கிம் ஜொங் இல் அதிகாரத்துக்கு வந்த வழியும் இதுவே. 1964 இற் பல்கலைக்கழகக் கல்வியை முடித்துக் கட்சியின் மத்திய அலுவலகத்திற் சேர்ந்த அவர், பிரசாரப் பிரிவில் திரைப்படத்தையும் இசைநாடகத்தையும் தம் களமாக்கிக் கொண்டார். தந்தையின் கெரில்லாக் காலத்து ஆக்கம் எனக் கூறப்பட்ட ‘இரத்தக் கடல்’ 1971 இல் அவரது மேற்பார்வையில் இசைநாடகமாயிற்று. 1973 இற் திரைப்படக் கலை பற்றிய அவரது நூல் வெளிவந்தது. தந்தையின் வாழ்வை நூலாகக் கொண்டு, அதற்கு உரைகூறும் ஒரே உரிமையாளராக மகன் தன்னை நிறுவிக்கொண்டார். 1974 இல் அவர் வெளியிட்ட பத்துக் கோட்பாடுகள், தலைவர் தொடக்கிய பணி தலைமுறை தலைமுறையாகத் தொடரப்பட வேண்டும் எனக் கட்டளையிட்டன. சோவியத் மண்ணிற் பிறந்தவர் எனச் சோவியத் ஆவணங்கள் காட்டும் அவர், பெக்டு மலையின் இரகசிய முகாமிற் பிறந்தார் என்பது அதிகாரபூர்வ வரலாறாயிற்று. 1986 இல் தலைவரை மூளையாகவும் மக்களை உடலுறுப்புகளாகவும் கொண்ட சமூக உயிரிக் கோட்பாடு அவரால் விரிவாக எடுத்துரைக்கப்பட்டது. தலைவர் தந்தை, கட்சி தாய், மக்கள் பிள்ளைகள். பிள்ளைகள் தந்தையைத் தெரிவு செய்வதில்லை, மாற்றுவதுமில்லை. 1992 இல் அரசியலமைப்பிலிருந்து மார்க்சிய லெனினியம் நீக்கப்பட்டபோது வியப்பதற்கு எதுவும் எஞ்சியிருக்கவில்லை.

6

இவ்வமைப்பின்கீழ் மக்கள் வாழ்வு எவ்வாறு அமைந்தது? 1957 இல் தானியத்தின் தனியார் விற்பனை தடைசெய்யப்பட்டு, அரச பங்கீடே உணவுக்கு வழியாயிற்று. சாதாரணத் தொழிலாளிக்கு நாளொன்றுக்கு 700 கிராம் தானியம் என்பது விதி. இருபது முதல் நாற்பது வரையான வீடுகள் ஓர் அயற்குழுவாக அமைய, அதன் தலைவி யார் வந்தார், யார் தங்கினார் என்பதைக் கண்காணித்தாள். மாகாண எல்லை கடக்க அனுமதிச் சீட்டு வேண்டும். வானொலிப் பெட்டிகள் அரச ஒலிபரப்பை மட்டும் கேட்குமாறு முடுக்கப்பட்டிருந்தன. ஆயினும் கல்வியும் மருத்துவமும் இலவசமாயின; எழுத்தறிவின்மை ஒழிந்தது; 1970களின் முற்பகுதிவரை தொழில்வளர்ச்சியில் வடக்கு தெற்கிற்குப் பின்தங்கியிருக்கவில்லை. உணவு தரும் கையே கண்காணிக்கும் கையாகவும் இருந்தமை இவ்வமைப்பின் வலிமையும் வலுவீனமும் ஆகும்.

சோவியத் ஒன்றியம் வீழ்ந்து மலிவான எண்ணெயும் உரமும் நின்றன; 1995 இல் பெருவெள்ளம் வந்தது; பங்கீடு சரிந்தது. 1990களின் நடுப்பகுதிப் பஞ்சத்தில் இறந்தோர் தொகை 6 இலட்சம் முதல் 10 இலட்சம் வரை என நிதானமான ஆய்வுகள் மதிப்பிடுகின்றன. இதனினும் மிக உயர்ந்த மதிப்பீடுகளும் உள. மிகுதியாகப் பாதிக்கப்பட்டவை வடகிழக்கின் கனரகத் தொழில் நகரங்களான சொங்ஜின், ஹம்ஹுங் முதலியன. நிலமற்ற ஆலைத் தொழிலாளருக்குப் பங்கீட்டையன்றி வேறு வழியில்லை. தொழிலாளரின் பெயரால் ஆளும் அரசிற் பட்டினியால் மடிந்தோருட் பெருந்தொகையினர் தொழிலாளரே. அவர்கள் பெயரில் நடந்த கட்சியோ 1980 இன் பின் 2016 வரை 36 ஆண்டுகள் மாநாடு கூட்டவில்லை. ஜூச்சேக் கோட்பாட்டை வகுத்த அறிஞரான ஹ்வங் ஜங் யொப் 1997 பெப்ரவரியிற் பெய்ஜிங்கில் தென்கொரியத் தூதரகத்திற் புகலிடம் கோரினார்.

பஞ்சத்தினூடே மக்களைக் காத்தவர்கள் பெண்கள். ஆண்கள் இயங்காத ஆலைகளுக்கும் நாள்தோறும் செல்லக் கடமைப்பட்டிருக்க, மனைவியர் சந்தைகளில் சோள மாவும் பழைய உடையும் விற்றுக் குடும்பத்தைப் போஷித்தனர். 2003 இல் அரசு சந்தைகளை ஏற்றுக்கொண்டது. 2009 நவம்பர் 30 ஆம் நாள் திடீரென நூறு பழைய நாணயத்துக்கு ஒரு புதிய நாணயம் என மாற்றி, மாற்றக்கூடிய தொகைக்கும் எல்லை விதித்தது. பல்லாண்டுச் சிறு சேமிப்புகள் ஒரே வாரத்தில் அழிந்தன. மக்களின் முணுமுணுப்பு அரசைச் சில மாதங்களிற் பின்வாங்கச் செய்தது. வடகொரியச் சமூகத்தின் உண்மையான இயக்கம் அரண்மனையிலன்றிச் சந்தையிலேயே நிகழ்கின்றது என்பதற்கு இது சான்று.

வம்சமோ இன்னும் வெளிப்படையாயிற்று. 2013 இற் திருத்தப்பட்ட கோட்பாடுகள் ‘பெக்டு இரத்தவழி’ என்பதை நேராகவே குறிப்பிட்டன. அவ்வாண்டு டிசம்பரில் கிம் ஜொங் உன்னின் அத்தையின் கணவரான ஜங் சொங் தேக் கொல்லப்பட்டார். 2017 இல் வேறு தாய்க்குப் பிறந்த தமையன் கோலாலம்பூர் விமான நிலையத்திற் கொலையுண்டார். 2022 நவம்பரிற் தலைவரின் மகள் முதன்முறையாக மக்கள்முன் காட்டப்பட்டாள். 2020 ஜனவரியில் தொற்றுநோயை முன்னிட்டு எல்லைகள் மூடப்பட்டன. அவ்வாண்டு டிசம்பரில் அயல்நாட்டுப் படங்களையும் பாடல்களையும் வைத்திருப்போரைக் கடுமையாகத் தண்டிக்கும் சட்டம் வந்தது. 2024 யூனில் இதே அரசு ருசியாவுடன் பாதுகாப்பு உடன்படிக்கை செய்தது. தனிமை என்பது அரசின் நிலையன்று. மக்கள்மேல் அரசு விதித்த நிலை என்பது இவ்விரு செய்திகளையும் ஒப்புநோக்கின் தெளிவாகும்.

7

இலங்கையர்க்கு இவ்வரலாறு முற்றிலும் அந்நியமானதன்று. 1970 இல் ஐக்கிய முன்னணி அரசு வடகொரியாவுடன் இராசதந்திர உறவை ஏற்படுத்தியது. 1971 ஏப்ரல் கிளர்ச்சியின்போது அதன் தூதரக ஊழியர் வெளியேற்றப்பட்டனர். 1976 இற் கொழும்பில் நடந்த அணிசேரா நாடுகள் மாநாட்டில் அந்நாடும் பங்குகொண்டது. ஏகாதிபத்தியத்தை எதிர்க்கும் அரசு எனும் ஒரே அளவுகோலால் அக்காலத்து விவாதங்கள் பல அதனை அளந்தன. ஏகாதிபத்திய எதிர்ப்பு இன்றியமையாத அளவுகோலே. போதிய அளவுகோல் அன்று.

உற்பத்திச் சாதனங்கள் அரசுக்குரியன என்று கூறியதும் நமது ஆய்வு நின்றுவிடலாகாது. அவ்வரசு யாருக்குரியது, உபரியின் பங்கீட்டை யார் தீர்மானிக்கின்றார், தலைமையை உழைப்பவர் மாற்ற முடியுமா என்பன அடுத்த வினாக்களாகும். இவற்றை எழுப்பாது விடுமிடத்தில், வர்க்கம் என்ற எண்ணக்கரு பிறப்பு என்ற பழைய எண்ணக்கருவுக்குத் திரையாகிவிடும். பிறப்பால் உயர்வு தாழ்வு கற்பிப்பதை எதிர்த்து வளர்ந்த ஈழத்து முற்போக்கு மரபினர்க்கு, அத்திரையை விலக்குவது பிறநாட்டு விவகாரமன்று. வடகொரிய உழைக்கும் மக்கள் 1946 இற் பெற்ற நிலமும் உரிமையும் உண்மையானவை. அவற்றை அவர்களிடமிருந்து படிப்படியாகப் பறித்த வரலாறும் அவ்வாறே உண்மையானது. முன்னதைக் கூறிப் பின்னதை மறைப்பதும், பின்னதைக் கூறி முன்னதை மறைப்பதும் வரலாற்றாய்வு ஆகா. அச்சந்தைகளில் இருக்கும் பெண்களின் நிலைநின்று அந்நாட்டின் வரலாறு மீண்டும் எழுதப்படுதல் வேண்டும் என்பதே நாம் இங்கு முன்வைக்கும் முடிபாகும்.